என் வாயில் வந்த வேறொரு குரல்

சீனியும் உப்பும் இல்லாமல் காய்ச்சி ஆறவைத்த அரிசிமாக் கஞ்சியின் சுவை, மேலண்ணத்தில் பசைபோல ஒட்டிக்கொள்ளும் அந்தச் சுவை, இன்றைக்கும் கெமராவின் முன் விளக்குகள் சூடேறும்போது என் நாக்கில் வந்து நிற்கிறது. ஆறு வயதில், கொழும்பில் ஒரு ஸ்டூடியோவில், பால்மா விளம்பரம் ஒன்றுக்காக என் கையில் தந்த கண்ணாடிக் குவளையில் இருந்தது பாலே இல்லை. விளக்கு வெளிச்சத்தில் உண்மையான பால் தண்ணீராகத் தெரியும் என்று மாவைக் காய்ச்சி ஊற்றி வைத்திருந்தார்கள். மேலுதட்டில் மீசைபோல வெள்ளை ஒட்ட வேண்டும், ஆனால் விழுங்கக் கூடாது என்றார்கள். நான் முதல் வாயிலேயே விழுங்கிவிட்டு, ஏமாற்றப்பட்ட முகத்தோடு கெமராவுக்குப் பின்னால் நின்ற உம்மாவைப் பார்த்தேன். டீவியில் காட்டுவது பொய்யாகவும் இருக்கலாம் என்று எனக்குத் தெரியவந்த நாள் அது. அதைவிடப் பெரிய அதிர்ச்சி பின்னால் காத்திருந்தது.

எங்களுக்குச் சாய்ந்தமருது. வாப்பா கல்முனை பஸாரில் ஒரு புடவைக் கடையில் துணி அளந்து வெட்டிக் கொடுப்பவர். ஒரு நோன்புப் பெருநாளுக்குக் கடை முதலாளி கலண்டர் அடிக்க நினைத்து, புதிதாக வந்திறங்கிய ஒரு கவுனை உடுத்திப் படம் எடுக்கப் பிள்ளையொன்று வேண்டுமென்று கேட்டபோது, வாப்பா மறுநாள் பள்ளிக்கூடம் விட்டதும் என்னைச் சைக்கிளில் ஏற்றிக்கொண்டு போனார். அந்தக் கலண்டர் மருதமுனையிலிருந்து அட்டாளைச்சேனை வரைக்கும் தேநீர்க் கடைகளிலும் சலூன்களிலும் தொங்கியது. பஸ்ஸில் போனால் முன்பின் தெரியாத பெண்கள் என் நாடியைப் பிடித்து, "இது கலண்டர்ப் புள்ள எலுவா" என்று கேட்பார்கள். படம் எடுத்தவருக்குக் கொழும்பில் விளம்பரக் கம்பனியொன்றில் கூட்டாளி ஒருவர் இருந்தார். அவருடைய கைக்குக் கலண்டர் போய்ச் சேர்ந்து, நாலு மாதத்துக்குப் பிறகு புடவைக் கடையின் போனுக்கு அழைப்பு வந்தது. உம்மா போகலாம் என்றாள், வாப்பா யோசித்தார், கடைசியில் மூவரும் போனோம். வழியெல்லாம் சோதனைச் சாவடிகளில் இறங்கி ஏறி, பைகளைத் திறந்து காட்டி, விடியும்போது கொழும்பில் இருந்தோம்.

விளம்பரத்தில் எனக்கு ஒரேயொரு வசனம். பொட்டு வைத்து, சேலை உடுத்த ஓர் அழகான பெண் என் தாயாக நடித்தார். குவளையை அவரிடம் நீட்டி, இன்னொரு கப் கேட்க வேண்டும். டைரக்டர் சொல்லித் தந்தபடி எனக்கு வரவேயில்லை. கடைசியில் அவர், "சரி மகள், வீட்டில கேக்கிற மாதிரியே கேளுங்க" என்றார். நான் அந்தப் பெண்ணின் தோளுக்கு மேலால் என் உம்மாவைப் பார்த்து, "உம்மா, எனக்கு இன்னொரு கப் தாங்க" என்றேன். ஸ்டூடியோவில் எல்லாரும் சிரித்துக் கைதட்டினார்கள். டைரக்டர் வந்து என் தலையைத் தடவினார். உம்மா முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டதை நான் பார்த்தேன்.

விளம்பரம் வந்த அன்று எங்கள் வீட்டு மண்டபத்தில் இடமில்லை. மாமி, சாச்சிமார், அடுத்த வீட்டுக்காரர், கடையிலிருந்து வாப்பாவோடு வந்தவர்கள் என்று சன்னலுக்கு வெளியிலும் ஆட்கள் நின்றார்கள். செய்திக்கு முன்பாக அது வந்தது. என் கவுன், என் பின்னல், என் வெள்ளை மீசை. நான் குவளையை நீட்டினேன், என் உதடு மூடித் திறந்தது.

"அம்மா, எனக்கு இன்னொரு கப் தாங்க."

அது என் குரல் இல்லை. கூராக, இனிப்பாக, ரேடியோவில் வரும் பிள்ளைகளைப்போல ஒவ்வொரு எழுத்தையும் நறுக்கி வைத்த குரல். சொல்லும் என்னுடையது இல்லை. நான் ஒருநாளும் யாரையும் "அம்மா" என்று அழைத்ததில்லை. வேறு விளம்பரம் வந்து, அதுவும் முடிந்தது. பிறகு மாமிதான் மெதுவாகக் கேட்டாள், "கதைச்சது யாரு?"

உம்மா என்னைத் தன் மடிக்குள் இழுத்து, என் வாயைக் கையால் தொட்டுப் பார்த்தாள். பொல்லாத எதுவோ அதற்குள் புகுந்துவிட்டதுபோல. "என்ட புள்ளட வாயால வேற ஆரோ கூப்புடுறா" என்றாள். வாப்பா கொழும்புக்குப் போன் எடுத்தபோது, கிழக்கு மாகாணத்துப் பேச்சு எல்லாருக்கும் விளங்காது, ஆகவே குரல் மாற்றினோம், இது வழக்கமான வேலைதான் என்று பதில் வந்ததாம். வழக்கமான வேலை. அதை எங்களிடம் சொல்ல வேண்டுமென்று ஒருவருக்கும் தோன்றவில்லை.

அடுத்த நாளிலிருந்து நான் பேச்சை விட்டேன். யாரும் என்னை அடிக்கவில்லை, ஏசவில்லை. பள்ளிக்கூடத்தில் இரண்டு மூன்று பேர் "உன்ட கொரல எங்க வெச்சிட்டு வந்தாய்" என்று கேட்டார்கள், அவ்வளவுதான். ஆனால் ஆறு வயதுப் பிள்ளையின் கணக்கு வேறு. என் முகத்தை வைத்துக்கொண்டு குரலை மட்டும் எடுத்து எறிந்திருக்கிறார்கள் என்றால், அதில் ஏதோ அசிங்கம் இருக்க வேண்டும். தலையாட்டினேன், கைகாட்டினேன். டீச்சர் பெயர் கூப்பிட்டால் கையை உயர்த்தினேன். உம்மா என்னைப் பள்ளிவாசல் லெப்பையிடம் கூட்டிப்போய்த் தண்ணீர் ஓதிக் குடிக்க வைத்தாள். கல்முனை ஆஸ்பத்திரியில் டொக்டர் தொண்டைக்குள் வெளிச்சம் அடித்துப் பார்த்து, ஒரு குறையுமில்லை என்றார். இப்படி ஏழெட்டு வாரம் போயிற்று.

அந்த நாட்களில் நான் இரகசியமாக ஒரு வேலை செய்துகொண்டிருந்தேன். விளம்பரம் வரும்போதெல்லாம் டீவியின் அருகில் உட்கார்ந்து அந்தக் குரலைக் கேட்பேன். பிறகு கிணற்றடிக்குப் போய், சத்தம் வெளியே வராமல் உதட்டால் சொல்லிப் பார்ப்பேன். குரல் எங்கே தொடங்குகிறது, "தாங்க" என்பதில் எங்கே ஏறி இறங்குகிறது என்று அந்த வயதில் எனக்கு அத்துப்படியானது. ஒருநாள் பகல் சாப்பாட்டுக்கு உம்மா சோற்றைப் பிசைந்து உருட்டி என் வாயருகில் கொண்டுவந்தபோது, நான் அவளை நேராகப் பார்த்து, அச்சு அசலாக அந்தக் குரலில் சொன்னேன்: "அம்மா, எனக்கு இன்னும் கொஞ்சம் தாங்க."

உம்மா என் கன்னத்தில் அறைந்தாள். அதற்கு முன்னும் பின்னும் அவள் என்னை அடித்ததே இல்லை. சோறு பாயில் சிதறியது. நான் "உம்மா" என்று வீறிட்டேன், அது என் சொந்தக் குரல். அவள் அடித்த கையைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள், பிறகு என்னை இறுக்கிப் பிடித்துக்கொண்டு, "இதுதான் என்ட புள்ள, இதுதான் என்ட புள்ள" என்று சொல்லிச் சொல்லி அழுதாள். என்னுடைய முதல் நடிப்பு எதுவென்று பத்திரிகைக்காரர்கள் கேட்கும்போது நான் பால்மா விளம்பரத்தைச் சொல்வதுண்டு. உண்மையில் அது அந்தப் பாயில் நடந்தது.

வாப்பா அதன் பிறகு எந்த விளம்பரத்துக்கும் இணங்கவில்லை. பிறகு சுனாமி வந்தது. அன்று காலை நாங்கள் சம்மாந்துறையில் ஒரு கல்யாண வீட்டில் இருந்ததால் உயிர் தப்பினோம். வீடு அடியோடு போனது. கலண்டரும், என் பிறப்பிலிருந்து எடுத்த படங்களும், பெரியப்பா டேப் ரெக்கோடரில் பிடித்து வைத்திருந்த என் சின்ன வயதுப் பேச்சும் போயின. மாமியும் போய்விட்டாள். மாமியை இழந்த வீட்டில் மற்றவற்றைப் பற்றிக் கதைக்க யாருக்கும் வாய் வரவில்லை.

பள்ளிப் படிப்பு முடித்து, ஆங்கில டிப்ளோமா ஒன்றுக்காகக் கொழும்பில் ஒரு சாச்சி வீட்டில் தங்கியிருந்தபோது, தமிழ் டீவி நாடகமொன்றுக்கு ஆள் தேடுகிறார்கள் என்று கேள்விப்பட்டுப் போனேன். போனதை வாப்பாவுக்குச் சொல்லவில்லை, உம்மாவுக்குச் சொன்னேன். அவள், "இந்தத் தரம் உன்ட வாயால நீதான் கதைக்கணும்" என்றாள். ஆஸ்பத்திரித் தாதியாக ஒரு சிறிய பாத்திரம் கிடைத்தது. படப்பிடிப்பு முடிந்த அன்று டைரக்டர் வெகு அன்பாகச் சொன்னார்: "முகம் நல்லா இருக்கு தங்கச்சி. பேச்சுத்தான் ஊர்ப் பேச்சு. பயப்படாதீங்க, நல்ல ஆள் ஒருத்தங்க டப் பண்ணுவாங்க."

இருபது வயதில், அதே கன்னத்தில் மறுபடியும் அறை விழுந்ததுபோல இருந்தது. என் இடத்தில் பேசப்போவது யாரென்று பார்த்துவிடுவது என்று குரல் பதிவு நடக்கும் இடத்துக்குப் போனேன். கண்ணாடிக்கு அப்பால், அறுபதை நெருங்கிய ஒரு பெண், சால்வை போர்த்தி, மல்லித்தண்ணீர்ப் போத்தலைக் காலடியில் வைத்துக்கொண்டு, வேறெதோ கார்ட்டூன் படத்துக்குப் பேசிக்கொண்டிருந்தார். எல்லாரும் அவரை ரஞ்சி அக்கா என்றார்கள். அவர் வாயைத் திறந்தார். கூராக, இனிப்பாக, ஒவ்வொரு எழுத்தையும் நறுக்கி வைத்தபடி ஒரு சிறுமி பேசினாள்.

பதினான்கு வருடமாக நான் பொறாமைப்பட்டதும் வெறுத்ததும் என்னைப்போன்ற ஒரு சிறுமியை. கொழும்பில் எங்கோ, நல்ல பள்ளிக்கூடத்தில் படிக்கிற, என்னைவிட அழகாகப் பேசுகிற ஒரு சிறுமி. அப்படி ஒருத்தி இருக்கவேயில்லை.

இடைவேளையில் அவர் வெளியே வந்ததும் விளம்பரத்தைச் சொன்னேன். அவர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றி என்னை உற்றுப் பார்த்தார். "அந்தக் கல்முனைப் பிள்ளையா நீங்க?" என்றார். பிறகு பக்கத்தில் கிடந்த கதிரையில் உட்கார்ந்துவிட்டார்.

"நான் எத்தனையோ பிள்ளைகளுக்குப் பேசியிருக்கிறன் மகள், ஒண்டும் ஞாபகமில்லை. உங்கட மட்டும் காதுக்குள்ள நிக்குது. வாயசைவு பிடிக்கிறதுக்காக உங்கட சத்தத்தைத் திருப்பித் திருப்பிப் போட்டுக் கேட்டன். இவ்வளவு நல்லாக் கேக்கிற பிள்ளையை ஏன் மாத்திறீங்க எண்டு கேட்டன். அவங்க விடேல்ல."

அப்புறம் அவர் கண்ணை மூடி, கொஞ்சம் கீழிறங்கிய, மூக்கடைத்த, அவசரமான ஒரு குரலில் சொன்னார்: "உம்மா, எனக்கு இன்னொரு கப் தாங்க."

எனக்கு அந்தக் குரலைத் தெரியவில்லை. சின்ன வயதில் நான் எப்படிப் பேசினேன் என்று எனக்கே ஞாபகமில்லை என்பதை அந்தக் கணத்தில்தான் உணர்ந்தேன். அது நான்தானா என்று சொல்லக்கூடியவள் ஒருத்திதான் இருந்தாள். உம்மாவுக்குப் போன் எடுத்தேன். அவள் எடுத்ததும் ஒன்றும் சொல்லாமல், ஸ்பீக்கரைப் போட்டு, போனை ரஞ்சி அக்காவிடம் நீட்டினேன். அவருக்கு விளங்கிவிட்டது. போனுக்குள், அதே குரலில், "உம்மா" என்று மட்டும் சொன்னார்.

"என்ன கிளி, பசிக்கிதா?" என்றாள் உம்மா.

யோசிக்காமல், ஒரு நொடியும் தாமதிக்காமல் சொன்னாள். பிறகுதான் அவளுக்கு உறைத்திருக்க வேண்டும். "ஆரது?" என்று அவள் கேட்டபோது குரல் உடைந்திருந்தது. "ஆரது கதைக்கிற? நீ எங்க மகள் இரிக்காய்?" ரஞ்சி அக்கா போனைப் பிடித்தபடி அழுதுகொண்டிருந்தார். நான் வாங்கி, உம்மாவுக்கு எல்லாவற்றையும் சொல்லி முடிக்க அரை மணித்தியாலம் ஆனது.

அன்று என் காட்சிகளின் பதிவுக்கு வந்திருந்த டைரக்டரிடம் ரஞ்சி அக்கா, "இந்தப் பிள்ளைக்கு நான் பேசமாட்டன். ஒருதரம் எடுத்தது போதும். அவவே பேசட்டும், நான் பக்கத்தில இருந்து பாத்துக்கொள்ளுறன்" என்றார். டைரக்டர் முகம் சுளித்தார். ஆனால் ரஞ்சி அக்காவை எதிர்த்துப் பேச அங்கே யாருமில்லை. தாதி என் குரலில், "ஓம், ஐயா கொஞ்சம் இரிங்க" என்று சொன்னாள். நாடகம் ஒளிபரப்பான பிறகு, பேச்சு விளங்கவில்லை என்று ஒரு கடிதமும் வரவில்லை. அடுத்த நாடகத்தில் கல்முனைப் பெண்ணாகவே என்னை எழுதினார்கள்.

இப்போது நான் நடிக்க வந்து பன்னிரண்டு வருடமாகிறது. அந்தக் குரல் பதிவு அறை இருந்த கட்டடத்தில் போன் உதிரிப்பாகம் விற்கிறார்கள். விளம்பரக் கம்பனியின் பெயர்ப்பலகை இல்லை. அந்த விளம்பரத்தின் பிரதி எங்காவது கிடைக்குமா என்று தேடி அலுத்துவிட்டேன், ஒருவரிடமும் இல்லை. போன வருடம் படப்பிடிப்புக்கு நடுவில், ரஞ்சி அக்கா இறந்துவிட்டார் என்று யாரோ அனுப்பிய செய்தியைப் போனில் பார்த்தேன். எத்தனையோ முறை அவரைச் சந்தித்திருக்கிறேன், தேநீர் குடித்திருக்கிறேன். அந்த ஒரு வசனத்தைச் சொல்லச் சொல்லிப் பதிவு செய்து வைக்க வேண்டும் என்று எனக்கு ஒருநாளும் தோன்றவில்லை. குரலை வைத்துப் பிழைக்கிற எனக்குத் தோன்றவில்லை.

உம்மாவுக்கு இன்னும் சொல்லவில்லை. அவளுக்கு இப்போது நடமாட்டம் குறைவு. பின்னேரங்களில் போன் எடுத்து, ஊர்ச் செய்தியெல்லாம் சொல்லி முடித்துவிட்டு, சில நாட்களில் தயங்கித் தயங்கிக் கேட்பாள்: "அந்த அம்மா பக்கத்தில இரிந்தா, ஒருக்கா 'உம்மா'ண்டு கூப்புடச் சொல்லன்." அவங்க வேலையாக இருக்கிறாங்க என்பேன். போன கிழமையும் கேட்டாள். நான் மறுமொழி சொல்லத் திணறியதைக் கேட்டு அவளுக்கு ஏதோ விளங்கியிருக்க வேண்டும். "அப்ப நீ கூப்புட்டுக் காட்டு, நீதானே நடிகை" என்றாள்.

எத்தனையோ பேரின் குரலில் பேசிக் காட்டியிருக்கிறேன். போனைக் காதில் வைத்து, கண்ணை மூடி, மூன்று தரம் முயன்றேன். ஒவ்வொரு தரமும் முப்பத்துச் சொச்சம் வயதுப் பெண்ணொருத்திதான் சின்னப் பிள்ளைபோலப் பேசினாள்.

"காணும் விடு" என்றாள் உம்மா. "நீ சும்மா கதை. நான் கேட்டுக்கிட்டு இரிக்கன்."