பச்சிலை கட்டிய வாசல்

என் கணவர் வருவதாக ஒப்புக்கொண்டதே எனக்கு ஆச்சரியம். எங்கள் தங்கச் சுரங்க ஊரின் கோரமண்டல் ஸ்டேஷனில் தினமும் காலை ரயில் பிடித்து பெங்களூருக்கு வேலைக்குப் போகிறவர்கள் நாங்கள் இருவரும். அவர் ஒரு தொழிற்சாலையில் ஃபிட்டர். நான் ஒரு ஆஸ்பத்திரியின் ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் இருக்கிறேன். லீவு கிடைத்தால் அவர் தூங்குவார், அவ்வளவுதான். எங்களுக்குக் கல்யாணமாகி இருபத்தைந்து வருடம் ஆனதற்காக, வேலைக்குப் போகத் தொடங்கியிருந்த எங்கள் மகள் எங்களைக் கேட்காமலே வியட்நாமின் வடக்கு மலைகளில் மூன்று நாள் நடைக்குப் பதிவு செய்துவிட்டாள். கிராமம் கிராமமாக நடக்க வேண்டும். ராத்திரி அந்த ஊர்க்காரர்கள் வீட்டிலேயே சாப்பிட்டுப் படுக்க வேண்டும். வழிகாட்ட ஒருவர் கூடவே வருவார்.

"புத்தர் கோயில் இருக்குமா?" என்று மட்டும் அவர் கேட்டார். எங்கள் இரண்டு குடும்பங்களும் தாத்தா காலத்திலேயே பௌத்தத்துக்கு வந்தவை. நிறைய இருக்கும் என்றாள் மகள். நாங்கள் நடந்த மலையில் ஒன்றுகூட இல்லை.

வழிகாட்டி முப்பது வயதுப் பெண். ஹ்மாங் என்னும் மலைச்சாதியைச் சேர்ந்தவள். என் தோள் உயரம்தான் இருப்பாள். அவுரி நீலத்தில் துணி, காலில் ரப்பர் பூட்ஸ், முதுகில் மூங்கில் கூடை. சின்ன வயதில் வெளிநாட்டுக்காரர்களிடம் கைவளையல் விற்று விற்றே ஆங்கிலம் கற்றுக்கொண்டதாகச் சொன்னாள். பேச வரும், எழுதப் படிக்கத் தெரியாது. என்னை சிஸ்டர் என்றும் அவரை பிரதர் என்றும் கூப்பிட்டாள்.

முதல் நாள் முழுக்க அவருடைய நெஞ்சைப் பற்றித்தான் எனக்குக் கவலை. தங்கச் சுரங்கம் மூடுவதற்கு முந்தைய நான்கு வருடங்கள் அவர் உள்ளே இறங்கி வேலை செய்தவர். அந்தத் தூசு இன்னும் அவர் மூச்சில் இருக்கிறது. ஒவ்வொரு ஏற்றத்திலும் நின்று, படிக்கட்டுபோல அடுக்கடுக்காக மஞ்சள் பிடித்துக் கிடந்த நெல் வயல்களை வேடிக்கை பார்ப்பதுபோலப் பாவனை செய்தார். நானும் பார்ப்பதுபோல நின்றேன். அன்று தங்கிய வீட்டில் தக்காளி போட்ட டோஃபு, ஒரு கீரை, சோறு. வீட்டுக்காரர் சின்னக் கிண்ணத்தில் அரிசிச் சாராயம் ஊற்றிக் கொடுத்து, ஒவ்வொரு கிண்ணத்துக்கும் எங்கள் கையைப் பிடித்துக் குலுக்கினார். என் கணவர் வாய்விட்டுச் சிரித்தார். பயணத்தில் நான் நிம்மதியாகச் சாப்பிட்டது அந்த ஒரு வேளைதான்.

விடிவதற்கு முன்பே மழை பிடித்துக்கொண்டது.

இரண்டாம் நாள் காலையில் வழிகாட்டிக்கு ஃபோன் வந்தது. நாங்கள் போக வேண்டிய ஊருக்கு முன்னால் ஓடையில் தண்ணீர் ஏறிவிட்டதாம், கடக்க முடியாதாம். அதனால் ஓடைக்கு இந்தப் பக்கமே இருக்கும் தன் சித்தி வீட்டுக்கு அழைத்துப் போவதாகச் சொன்னாள். நான்கு மணி நேரம் மழையில் நடந்தோம். நான் இரண்டு முறை விழுந்தேன். மத்தியானம் ஒரு மணிக்குப் போய்ச் சேர்ந்தபோது உடம்பில் காய்ந்த இடம் என்று ஒன்றுமில்லை.

அங்கே இரண்டே வீடுகள். கீழே இருந்தது சித்தி, சித்தப்பாவின் வீடு. அதற்கு மேலே, இருபது படி ஏறினால், அவர்கள் மகனின் வீடு. அதன் முதுகையொட்டி மலைச்சரிவு எழுந்து போனது. மகன் டவுனுக்கு வேலைக்குப் போயிருந்தான். மேல் வீட்டு வாசலில் ஒரு கொத்துப் பச்சிலை கட்டித் தொங்கவிட்டிருந்தார்கள்.

"குழந்தை பிறந்து எட்டு நாள் ஆகிறது," என்றாள் வழிகாட்டி. "ஒரு மாதத்துக்கு வெளி ஆட்கள் உள்ளே போகக் கூடாது. அந்த இலைக்கு அதுதான் அர்த்தம்."

சித்தி அடுப்பை மூட்டி எங்களை உட்கார வைத்தார். கோழி ஒன்று ஏற்கெனவே பானையில் இருந்தது. நான் ஈரச் சாக்ஸைக் கழற்றிக் காலைத் தீப்பக்கம் நீட்டினேன். என் கணவர் மட்டும் உள்ளே வரவில்லை. கூரை இறவாணத்தின் கீழ் நின்று மேல் வீட்டையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"இங்க வா," என்று கூப்பிட்டார்.

போனேன்.

"மேல் வூட்டுக்குப் பின்னாடி பாரு. தண்ணி எங்கேர்ந்து வருது?"

சரிவின் நடுவில், புல்லுக்கு அடியிலிருந்து, கைத் தடிமனில் சிவப்பாகத் தண்ணீர் வந்துகொண்டிருந்தது.

"மழ பெஞ்சா தண்ணி வராதா?"

"மேலேர்ந்து வழிஞ்சி வந்தா பரவால்ல. இது உள்ளேர்ந்து வருது, மண்ணையும் தூக்கினு வருது. அந்த மூங்கிலெல்லாம் வூட்டுப் பக்கமா சாய்ஞ்சி கீது பாரு. அதும் உச்சில புதுசா ரோடு வெட்டி மண்ண இந்தாண்ட தள்ளி வச்சிருக்கான்." அவர் குரல் தாழ்ந்திருந்தது. "அந்தப் பொண்ணையும் கொழந்தையையும் வெளிய கூப்ட சொல்லு."

எனக்குக் கூச்சமாக இருந்தது. "வந்து பத்து நிமிசங்கூட ஆவல. நமக்காவ சமைச்சினு இருக்காங்க. போய் இன்னானு சொல்றது?"

"எனக்கு அவ்ளோ இங்கிலீசு வராது. நீ சொல்லு."

சொன்னேன். வழிகாட்டி முதலில் சிரித்தாள். "பிரதருக்கு மழை பயமா? இங்கே எல்லா வருடமும் மழை பெய்யும். அந்த வீடு பன்னிரண்டு வருடமாக நிற்கிறது."

"ரோடு எப்ப வெட்னாங்கனு கேளு," என்றார் அவர்.

கேட்டேன். இந்த வருடம்தான் என்றாள். சிரிப்பு நின்றது. ஆனால் அவள் அசையவில்லை. என்னைத் தனியாக ஒதுக்கி நிறுத்தி மெதுவாகப் பேசினாள். "சிஸ்டர், பிள்ளை பெற்றவளை மழையில் வெளியே கொண்டுவரக் கூடாது. அந்நிய ஆள் பேச்சைக் கேட்டு வெளியே வந்து குழந்தைக்கு ஏதாவது ஆனால், உங்களை யாரும் கேட்க மாட்டார்கள். நீங்கள் ஊருக்குப் போய்விடுவீர்கள். உங்களைக் கூட்டிவந்தவள் நான்."

அவள் சொன்னதில் தவறே இல்லை. அதை அப்படியே அவரிடம் தமிழில் சொன்னேன். அவர் கேட்டுவிட்டு மழைக்குள் இறங்கிப் படியேறத் தொடங்கினார்.

வழிகாட்டி கத்தினாள். சித்தி அடுப்பை விட்டு ஓடிவந்தார். மாட்டுக் கொட்டகையிலிருந்து சித்தப்பா மண்வெட்டியோடு வெளியே வந்து, அந்நியன் ஒருவன் பச்சிலை கட்டிய வாசலை நோக்கிப் போவதைப் பார்த்தார். அவர் முகத்தை என்னால் மறக்க முடியாது. மண்வெட்டியைக் கீழே போடாமலே படியேறினார்.  நானும் வெறுங்காலோடு படிவரை ஓடினேன்.

வாசலுக்குப் பத்தடி முன்னால் என் கணவர் நின்றுவிட்டார். உள்ளே போக அவர் நினைக்கவே இல்லை. சித்தப்பா நெருங்கியதும் இரண்டு கைகளையும் காட்டி, பிறகு சரிவைக் காட்டினார். மண் இறங்குவதைக் கையாலேயே செய்து காட்டினார். சித்தப்பா ஏதோ அதட்டினார். என் கணவர் மறுபடியும் அதையே காட்டினார். கடைசியில் இருவரும் வீட்டைச் சுற்றிப் பின்பக்கம் ஏறிப் போனார்கள். பத்து நிமிடம் கண்ணில் படவில்லை.

 திரும்பி வந்த சித்தப்பா நேராக மகன் வீட்டுக்குள் போனார். குழந்தையைத் தன் சட்டைக்குள் போர்த்திக்கொண்டு வெளியே வந்தார். பின்னால் மருமகள், தலைக்கு மேல் ஒரு பிளாஸ்டிக் ஷீட்டைப் பிடித்தபடி. அவள் கடந்து போகும்வரை என் கணவர் முதுகைக் காட்டித் திரும்பி நின்றார்.

"மேல இன்னா இருந்துச்சு?" என்று கேட்டேன்.

"வெடிப்பு. கைய வுட்டேன், முழங்கை வரிக்கும் உள்ள போச்சு."

வயல்களுக்கு நடுவே ஒரு மேட்டில் சோளம் காயப்போடும் கொட்டகை இருந்தது. எல்லோரும் அங்கே போனோம். மூன்று பக்கம்தான் சுவர். மருமகள் சோளத்தட்டையின் மேல் உட்கார்ந்து நடுங்கினாள். என் பையிலிருந்த காய்ந்த சால்வையை வழிகாட்டியிடம் கொடுத்தேன். அவள் என் முகத்தைப் பார்க்காமல் வாங்கி அந்தப் பெண்ணுக்குப் போர்த்தினாள்.

காத்திருந்தோம். ஒரு மணி நேரம் ஆயிற்று, இன்னொரு மணி நேரமும் ஆயிற்று. மழை சிறுத்துத் தூறலானது. மேல் வீடு அப்படியே நின்றது. குழந்தை விட்டு விட்டு அழுதது. நடுவில் இருமவும் செய்தது. அந்த இருமல் ஒவ்வொன்றுக்கும் சித்தி என் கணவரைப் பார்த்தார். சித்தப்பா ஏதோ கேட்க, வழிகாட்டி என்னிடம் திரும்பினாள். "இன்னும் எவ்வளவு நேரம் என்று கேட்கிறார்."

"தெரியலனு சொல்லு," என்றார் அவர்.

"தெரியாதா?" என்றாள் வழிகாட்டி. அதை அவள் தன் மொழியில் சொன்னாள். மருமகள் எழுந்தாள். குளிர்கிறது, வீட்டுக்குப் போய்விடலாம் என்கிறாள் என்பது எனக்கு மொழி தெரியாமலே புரிந்தது.

"வோணாம்னு சொல்லு. கால்ல வுளுந்தாவது நிறுத்து."

எனக்கு அப்போது கோபம் வந்துவிட்டது. இரண்டு நாளாக அடக்கி வைத்த பயமும் அதில் சேர்ந்திருக்க வேண்டும். "உங்களுக்கு எப்பிடித் தெரியும்? நாலு வருசந்தானே உள்ள எறங்குனீங்க. ஒண்ணும் ஆவலனா இவங்க மூஞ்சில எப்பிடி முழிக்கறது?"

அவர் சரிவைப் பார்த்தபடியே சொன்னார்.

"ஒரு ஷிப்ட்ல, கீழ் லெவல் சொரங்கப் பாதைல மேல்பாறைக்கு மரம் முட்டுக் குடுத்த எடத்துல, முட்டு முனகுச்சு. நான் கேட்டேன். நான் புதுசு. சொன்னா சிரிப்பாங்கனு வாய மூடினு இருந்தேன். டீ குடிக்கற நேரந்தான் ஆச்சு. மொத்தமா எறங்கிடுச்சு." முழங்கையில் ஒட்டியிருந்த மண்ணைத் தேய்த்தார். "ஆண்டர்சன்பேட்ட செருப்புக் கடக்காரரு. அவரு காலு அன்னிக்குப் போனதுதான்."

எங்கள் ஊரிலேயே இருக்கும் அந்தக் கடையில் நான் எத்தனையோ வருடமாகச் செருப்பு வாங்குகிறேன். என் கணவர் ஒரு நாளும் உள்ளே வந்ததில்லை. தெருமுனையிலேயே நின்றுவிடுவார். கடைக்காரரோடு ஏதோ பழைய சண்டை என்று நானாக நினைத்து வைத்திருந்தேன். இருபத்தைந்து வருடத்தில் இதை அவர் என்னிடம் சொன்னதே இல்லை.

நான் வழிகாட்டியிடம் போய், என் கணவர் எங்கள் ஊரில் பூமிக்கு அடியில் வேலை செய்தவர், ஒரு முறை தெரிந்தும் சொல்லாமல் இருந்து ஒருவருடைய கால் போய்விட்டது, அதனால்தான் இப்படிப் பிடிவாதமாக இருக்கிறார் என்று சொன்னேன். அவள் அவரை நிமிர்ந்து பார்த்தாள். பிறகு மருமகளின் கையைப் பிடித்து இழுத்துத் தன் பக்கத்தில் உட்கார வைத்தாள். இருவருக்கும் வாய்ச்சண்டை ஆனது. ஆனாலும் அவள் கையை விடவில்லை.

லாரி ஒன்று ஜல்லியைக் கொட்டுவதுபோலச் சத்தம் கேட்டபோது அந்தச் சண்டை இன்னும் முடியவில்லை. அது பெரிய சத்தம்கூட இல்லை. மூங்கில்கள் நின்றபடியே கீழே நகர்ந்து வந்தன. மண் மேல் வீட்டின் பின்சுவரை உடைத்து உள்ளே நுழைந்து, சமையல் பக்கத்தை நிரப்பி, அதோடு நின்றுவிட்டது. முன்பக்கமும் கூரையும் சாய்ந்தபடி நின்றன. வாசலில் பச்சிலைக் கொத்து ஆடிக்கொண்டிருந்தது. சித்தி தரையில் உட்கார்ந்துவிட்டார். மருமகள் அழவில்லை. குழந்தையின் முகத்தைத் தன் கழுத்தோடு அழுத்திக்கொண்டாள்.

அவள் கட்டில் முன்னறையில் இருந்ததாகப் பிறகு தெரிந்தது. அங்கே மண் வரவில்லை.

"அப்போ உள்ளயே இருந்திருந்தாலும் பொழச்சிருப்பாங்க," என்றார் என் கணவர். வழிகாட்டியிடம் நான் அதை மொழிபெயர்க்கவில்லை.

இருட்டுவதற்குள் எல்லோரும் கீழே இருந்த ஊருக்கு இறங்கி, சித்தியின் அண்ணன் வீட்டுக்குப் போனோம். காலையில் குழந்தைக்கு உடம்பு சுட்டது. சித்தி எங்கள் கண்ணில் படாமலே இருந்தார். சித்தப்பா மட்டும் ரோடுவரை கூட வந்து, என் கணவரின் கையைப் பிடித்துக் குலுக்கினார். முதல் நாள் சாராயத்துக்குக் குலுக்கிய மாதிரி இல்லை அது. பிடித்த கையை வெகுநேரம் வைத்திருந்தார். அந்தக் குழந்தைக்கு என்ன ஆகும் என்று தெரியாமலே வண்டி ஏறினோம்.

ஊர் திரும்பிய நாலாம் நாள், வேலை முடிந்து மாரிகுப்பம் ரயிலில் வந்துகொண்டிருந்தபோது வழிகாட்டியின் குரல் செய்தி வந்தது. காய்ச்சல் விட்டுவிட்டது, குழந்தை நன்றாகப் பால் குடிக்கிறது என்றாள். அவருக்குச் சொன்னேன். ஜன்னலைப் பார்த்துத் தலையாட்டினார். பங்காருபேட்டை தாண்டும்வரை திரும்பவே இல்லை.

அதோடு முடிந்தது என்று நினைத்தேன். அடுத்த மாதம் அவளிடமிருந்து ஒரு போட்டோ வந்தது. வேறொரு வீடு, பின்னால் வேறொரு சரிவு. கூடவே குரல்: "சிஸ்டர், பிரதரிடம் காட்டுங்கள். இந்த வீட்டுக்காரர்கள் இங்கே இருக்கலாமா?"

"போட்டோவ பாத்து நான் இன்னாத்த சொல்றது?" என்றார். ஃபோனைத் திருப்பிக் கொடுத்தார். "நேர்ல பாத்தே எனக்குத் தெரியல. ஏதோ ஒரு தபா சரியா வந்துச்சு."

"அத அப்படியே சொல்லிடவா?"

"சொல்லாத."

மூக்குக் கண்ணாடியைத் தேடி எடுத்து வந்தார். போட்டோவைப் பெரிதாக்கி, ஒவ்வொரு மூலையாக நகர்த்தி நகர்த்திப் பார்த்தார். தண்ணீர் எங்கிருந்து வருகிறது, எந்த நிறம், மரங்கள் எந்தப் பக்கம் சாய்ந்திருக்கின்றன என்று கேட்கச் சொன்னார். நான் கேட்டுச் சொன்னேன். அங்கே மழை பெய்தால் இப்போதும் போட்டோ வருகிறது. ஷிப்ட் முடிந்து வந்ததும் முகம் கழுவுவதற்கு முன்பே, "எதனா வந்துச்சா?" என்று கேட்கிறார். வந்திருந்தால் அன்றைக்குச் சோறு ஆறிப்போகும்.