ஒரு சுளகு தவிடு

தர்மபுரத்தில் பிள்ளைக்குப் பெயர் வைப்பவர்கள் பதிவாளரிடம் போகுமுன் ஞானேஸ்வரியிடம் போவார்கள். பிறப்புப் பதிவுப் படிவம் நிரப்புவது அவள் வேலை. பெயரின் பொருளைச் சரிபார்ப்பது அவளாகத் தலையில் போட்டுக்கொண்டது. சந்தையில் விற்கும் பெயர்ப் புத்தகத்தில் பாதிப் பெயருக்கு 'அழகானவள்', மீதிக்குச் 'செல்வம் தருபவள்' என்றிருக்கும். அவள் அதை நம்புவதில்லை. பள்ளிக்கூடத்து அகராதியைப் புரட்டிச் சரியென்று பட்டதை மட்டும் தன் கொப்பியில் எழுதுவாள்.

1979 ஆவணியில் ஒரு புதன்கிழமை வீரையா வந்தார். தமிழரைத் தாக்கிய எழுபத்தேழுக் கலவரத்தில் மலைநாட்டுத் தேயிலைத் தோட்டத்தை விட்டு ஓடிவந்து, இங்கே காடு வெட்டிக் குடியிருப்பவர்.

"பொம்பளப் புள்ள பொறந்திருக்கு. தவிட்டம்மான்னு எழுதுங்க தங்கச்சி."

ஞானேஸ்வரி பேனையை வைத்தாள். "தவிடெண்டால் மாட்டுக்கு வைக்கிறதெல்லோ அண்ணை. நாளைக்குப் பள்ளிக்கூடத்தில பகிடி பண்ணுவாங்கள். தனலட்சுமி எண்டு எழுதட்டோ?"

படித்த பெண்ணிடம் மறுத்துப் பேசக் கூச்சப்பட்டு, வீரையா தலையை ஆட்டிவிட்டுப் போனார்.

மறுநாள் விடிந்ததும் அவர் மனைவி மீனம்மா குழந்தையோடு வாசலில் நின்றாள்.

"அந்தப் பேர மாத்திருங்கம்மா."

"ஏனக்கா, நல்ல பேர்தானே?"

"அதாங்க பயமா இருக்கு. மொத ரெண்டு புள்ளைக்கும் நல்ல பேருதான் வச்சோம்." அவள் குழந்தையின் முகத்தைச் சேலைத் தலைப்பால் மூடினாள். "பக்கத்து வளவு கமலாசனியக்காவக் கேளுங்க."

வெள்ளிக்கிழமை பதிவாளர் கையெழுத்து வைத்துவிட்டால் பெயரை மாற்றுவது பெரும்பாடு. ஞானேஸ்வரி உடனே சைக்கிளை எடுத்தாள்.

யாழ்ப்பாணத்திலிருந்து வந்து வயல் செய்யும் கமலாசனி, முற்றத்தில் நெல் காயவிட்டுக்கொண்டிருந்தாள்.

"ஓம் பிள்ளை. மீனம்மா குழந்தையைக் கொண்டுவந்து என்ர மடியில போட்டு, இனி உங்கட பிள்ளை எண்டா. நான் திகைச்சுப் போனன். பிறகு நெல்லுப் புடைக்கிற ஒரு சுளகு நிறையத் தவிட்டைத் தந்திட்டுத் திருப்பி வாங்கிக்கொண்டு போறா. முந்தினது ரெண்டும் தங்கேல்லையாம். தவிட்டுக்கு வாங்கின பிள்ளையை யமன் எட்டியும் பாரானாம்."

"நீங்கள் நம்புறியளோ?"

"எனக்கென்ன தெரியும். தவிட்டை என்ர மாடு திண்டிட்டுது. யாவாரம் முடிஞ்சுது, இனி நான் பிள்ளையைத் திருப்பிக் கேட்கேலாது எண்டு அவாவுக்குச் சொல்லு."

திரும்பும் வழியில் ஞானேஸ்வரிக்குச் சிரிப்பும் வந்தது, வெட்கமும் வந்தது. தவிடு என்றால் என்னவென்று அவளுக்குத் தெரியும். அந்தப் பெயர் ஏனென்று ஒரு வார்த்தை கேட்டிருக்கலாமே. யமனைப் பற்றி அவளுக்கு எதுவும் நிச்சயமில்லை. ஆனால் இரண்டு பிள்ளைகளைப் புதைத்தவளுக்கு எது நல்ல பெயர் என்று சொல்ல இந்தக் கொப்பியை வைத்திருக்கும் தான் யார்?

வீட்டுக்கு வந்து பழைய படிவத்தைக் கிழித்தாள். புதியதில் 'தவிட்டம்மா' என்று எழுதி, வாசலிலேயே காத்திருந்த மீனம்மாவுக்கு வாசித்துக் காட்டினாள். கொப்பியிலும் ஒரு வரி சேர்த்தாள்: 'தவிட்டம்மா. உயிரோடு இருக்கவேண்டும் என்று தாய் தவிடு கொடுத்து வாங்கிய பிள்ளை. கமலாசனியிடம் கேட்டுச் சரிபார்த்தது.'

குழந்தை வீரிட்டு அழத் தொடங்கியது.

"நல்ல தொண்டை," என்றாள் ஞானேஸ்வரி.

"கத்தட்டுங்க," என்றாள் மீனம்மா. முதல் தடவையாக அவள் சிரித்தாள். "நல்லாக் கத்தட்டும்."