காங்கேசன்துறை பஸ்ஸில் ஒரு மயிலிட்டிக் குரல்

போன மாதம் ஒரு சனிக்கிழமை நான் கொழும்பிலிருந்து யாழ்ப்பாணம் போனதற்குக் காரணம் கோயிலும் இல்லை, கல்யாணமும் இல்லை. ஒரு பாடகி. மயிலிட்டியைச் சேர்ந்த தர்சினி தானே எழுதி, தானே மெட்டமைத்துப் பாடுகிறவர். அவருடைய முதல் தொகுப்பை அவருடைய பக்கத்திலேயே காசு கொடுத்து வாங்கி, கைபேசியில் இறக்கி வைத்து இரண்டு வருடமாகக் கேட்கிறேன். அன்று மாலை மயிலிட்டித் துறைமுகத்துக்குப் பக்கத்தில் பாடப்போவதாக அறிவித்திருந்தார். கூடவே இப்படியும் எழுதியிருந்தார்: "எங்கடை பாட்டு எல்லா பஸ்ஸிலையும் ஓடுது. எங்கடை பேர் ஒண்டிலையும் இல்லை. இண்டைக்கு எத்தினை பேர் வாங்கினம் எண்டு பாத்துத்தான் ரண்டாவது தொகுப்பு. இல்லாட்டி இதோடை நிப்பாட்டுறம்."

படித்ததும் எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. அடுத்த நிமிடம் பஸ்ஸுக்கு இடம் பதிந்துவிட்டேன்.

வெள்ளிக்கிழமை இரவு ஒன்பதரைக்கு வெள்ளவத்தையில் ஏறி, சனி காலை ஆறு மணிக்கு யாழ்ப்பாணத்தில் இறங்கினேன். சண்டிலிப்பாயில் இருக்கும் சிநேகிதி வீட்டில் குளித்து, அவள் தோட்டத்துக் கத்தரிக்காய்க் குழம்போடு சாப்பிட்டு, ஒரு குட்டித் தூக்கமும் போட்டேன். இரண்டு மணிக்கு யாழ்ப்பாண பஸ் நிலையத்தில் காங்கேசன்துறை மினிபஸ்ஸுக்குள் இருந்தேன். கட்டணம் நூற்றுமுப்பது ரூபாய், தூரம் இருபது கிலோமீட்டருக்குக் கொஞ்சம் குறைவு. ஆனால் முறை வந்து புறப்பட இன்னும் அரைமணி நேரம் இருந்தது. டேட்டாவும் தீர்ந்துபோயிருந்தது. (இரவெல்லாம் சமையல் வீடியோ பார்த்தால் வேறென்ன ஆகும்?)

அந்த நேரம் பார்த்து பஸ்ஸின் ஒலிபெருக்கியில் தர்சினியின் குரல்! அரை நிமிடம் குளிர்ந்துபோனேன். பிறகு பாட்டின் நடுவே யாரோ ஓர் ஆள் "சூப்பர் ஹிட்ஸ்" என்று கத்தினார். களவாய்ப் பிரதியெடுத்தவர் தன் முத்திரையைக் குத்தியிருக்கிறார். எழுந்து போய், இதை யார் பாடியது தெரியுமா என்று சாரதியிடம் கேட்டேன். சிவா அண்ணை என்று எல்லோரும் அழைக்கும் அந்த மனிதர் பென்டிரைவைத் தட்டிக் காட்டினார்.

"உது இந்தியாப் படப்பாட்டு, தங்கச்சி. மயிலிட்டியிலை ஆர் உப்பிடிப் பாடுறது?"

என்ன சொல்லியும் அவர் நம்பவில்லை. கோபத்தோடு இருக்கைக்குத் திரும்பி, இணையம் இல்லாமலே ஓடும் முந்நூற்று நான்கு சீட்டாட்டத்தைக் கைபேசியில் திறந்தேன். கண்ணாடியில் பார்த்துக்கொண்டிருந்தவர் எழுந்தே வந்துவிட்டார். யாழ்ப்பாணத்தாருக்கு முன்னால் முந்நூற்று நான்கு விளையாடிவிட்டுத் தனியாக இருக்க முடியாது. அதையே பிடித்துக்கொண்டு பந்தயம் கட்டினேன். மூன்று ஆட்டம், நான் வென்றால் பென்டிரைவ் வெளியே, என் பாட்டு உள்ளே. அவர் சிரித்துக்கொண்டே ஓம் என்றார்.

நாலு பேர் இரண்டு கட்சியாக, மொத்தம் முந்நூற்று நான்கு புள்ளிக்கு ஆடும் ஆட்டம் இது. கைபேசியில் இரண்டு பேர் ஆடினால் ஆளுக்கொரு கூட்டாளியை அதுவே தரும். முதல் ஆட்டம் அவருக்கு, இரண்டாவது எனக்கு. மூன்றாவதில், துருப்பில் ஜாக்கியும் ஒன்பதும் கையிலிருந்த தைரியத்தில் இருநூற்றைம்பது புள்ளி எடுப்பதாகக் கேட்டார். நான் ஐம்பத்தைந்து புள்ளி எடுத்தால் அவர் கதை முடிந்தது. ஆட்டின், அதாவது ஹார்ட், ஜாக்கியை இறக்கினேன். அவரிடம் இருந்த ஒரே ஆட்டின் ஒன்பதுதான், போட்டே ஆகவேண்டும். என் கைபேசிக் கூட்டாளி, அது வாழ்க, அதன்மேல் ஆட்டின் ஏஸைப் போட்டது. ஜாக்கிக்கு முப்பது, ஒன்பதுக்கு இருபது, ஏஸுக்குப் பதினொன்று. ஒரே பிடியில் அறுபத்தொன்று! பின்னால் எட்டிப் பார்த்துக்கொண்டிருந்த பயணிகள் கை தட்டினார்கள்.

சிவா அண்ணை பென்டிரைவைக் கழற்றினார், நான் பையிலிருந்த வயரால் என் கைபேசியைச் செருகினேன். வாங்கியவர்கள் எங்கும் போடலாம், பெயரை மட்டும் சொல்லுங்கள் என்பது தர்சினியின் நிபந்தனை. அதைச் சொன்னதும் கொண்டக்டர் அந்த வேலையைத் தானே எடுத்துக்கொண்டார். சுன்னாகம், தெல்லிப்பளை என்று கூவிய அதே மூச்சில் "பாடுறது மயிலிட்டி தர்சினி" என்றும் கூவினார். தெல்லிப்பளை தாண்டுவதற்குள் எங்கே வாங்குவது என்று எட்டுப் பத்துப் பேர் என்னைக் கேட்டுவிட்டார்கள்; மாலை மயிலிட்டியில் அவர் பாடப்போவதையும் எல்லோருக்கும் கேட்கச் சொன்னேன். பாட்டில் மயிலிட்டி வெளிச்சவீடு வரும் வரி ஒன்று உண்டு. அது வந்தபோது சிவா அண்ணை கண்ணாடியில் என்னைப் பார்த்தார். அவர் முகம் மாறியிருந்தது.

காங்கேசன்துறையிலிருந்து மயிலிட்டிக்கு ஓட்டோ ஐந்நூறு ரூபாய். நான் போனபோது கூட்டம் சுமார்தான். இரண்டாவது பாட்டின்போது கடற்கரைப் பக்கம் ஒரு ஹோர்ன் சத்தம். கடைசி முறையை முடித்துவிட்டு மினிபஸ்ஸையே கொண்டுவந்திருந்தார் சிவா அண்ணை. மனைவி, பிள்ளைகள், கொண்டக்டர், அவர் சேர்த்துக்கொண்ட வேறு பஸ்காரர்கள் என்று வண்டி நிறைய ஆட்கள். பாட்டு முடிந்ததும் நேரே தர்சினியிடம் போனார்.

"ரண்டு வரியமா நான் உங்கடை பாட்டிலை ஓசியிலை வந்திருக்கிறன், பிள்ளை. என்ரை டிக்கெட்டை இப்ப தாங்கோ."

பஸ்ஸில் வந்த மற்றவர்களும் தொகுப்பை வாங்க அவர் பின்னால் வரிசையாக நின்றார்கள். தர்சினி சிரித்தார், பிறகு அழுதார். நானும்தான். அன்றிரவே மேடையில் அறிவித்துவிட்டார்: இரண்டாவது தொகுப்பு வருகிறது.

போகிறவர்களுக்கு: பாட்டையும் விளையாட்டையும் வீட்டிலேயே இறக்கி வையுங்கள். பாடியவருக்குக் காசு போகும் இடத்தில் வாங்குங்கள். பெயரைச் சத்தமாகச் சொல்லுங்கள். ஒலிபெருக்கிக்குச் செருகும் வயர் ஒன்று பையில் இருக்கட்டும். மயிலிட்டியில் மீன் வாங்குவதானால் காலையிலேயே போங்கள்.

மறுநாள் அதே பஸ்ஸில் யாழ்ப்பாணம் திரும்பினேன். சிவா அண்ணை அந்தச் சீட்டாட்டத்தைத் தன் கைபேசியில் இறக்கி வைத்துக் காத்திருந்தார். புறப்படுமுன் மூன்று ஆட்டத்திலும் என்னை வெளுத்து வாங்கினார். வென்றவருக்கு என்ன பாட்டு வேண்டும் என்று கேட்டேன். அவர் கையை உயர்த்தினார், கொண்டக்டர் கூவத் தொடங்கினார்: "பாடுறது மயிலிட்டி தர்சினி."