சிவப்பு நூல் அகப்பை

அம்மாவின் பழைய அகப்பையிலிருந்து சிவப்பு நூலை அவிழ்த்துப் புது அகப்பையில் கட்டினேன்.

"ஏனம்மா?" என்றாள் மகள்.

"அடையாளத்துக்கு."

முடிச்சை இறுக்கினேன்.

மன்னாரில் பக்கத்து வீட்டு ஜெசீமா மாமி, கிறிஸ்து பிறந்தநாளான நத்தாருக்குத் தங்கள் இஸ்லாமிய முறைப்படி அறுத்த கோழியை எங்களுக்குக் கொடுத்தனுப்புவார். அம்மா தனிச்சட்டியில் சமைப்பார். இரண்டு வீடும் ஒரே பாயில் இருந்து சாப்பிடும். பன்றி இறைச்சி படாத அகப்பைக்குத்தான் சிவப்பு நூல்.

எனக்கு ஒன்பது வயதான நத்தாரன்று, அவசரத்தில் அந்த அகப்பையை எடுத்து எங்கள் பன்றிக் கறியைக் கிளறிவிட்டேன். துடைத்துத் தொங்கவிட்டேன். அம்மா அதே அகப்பையால் கோழிக் கறியைக் கிளறினார். அடி விழும் என்ற பயத்தில் நான் வாய் திறக்கவில்லை.

"உன்ர அடுப்படியை நான் எட்டியும் பாக்கமாட்டன், மேரி. நூல் இருக்கே!" என்று அம்மாவிடம் சிரித்தபடி மாமி இரண்டாம் முறையும் கறி கேட்டு வாங்கினார்.

அம்மா இப்போது இல்லை. இன்று மாமி எங்கள் வீட்டில் சாப்பிட வந்தார். உண்மையைச் சொன்னால் என் பாரம் குறையும். இத்தனை வருட நம்பிக்கை அவருக்கு என்னாகும்? சொல்லாமலிருப்பது அவருக்காகவா, எனக்காகவா?

மாமி அகப்பையின் நூலைத் தடவினார்.

"கொம்மா மேரி கட்டினதோ, பிள்ளை?"

"ஓம், மாமி."

மகள் நிமிர்ந்து என்னைப் பார்த்தாள். அவளும் வாய் திறக்கவில்லை.