கோட்டிலேயே நின்ற தம்பி

என் தம்பிக்கு வந்த நோயின் பெயரைத் தப்பில்லாமல் சொல்லத் தெரிந்த ஒரே ஆள் எங்கள் வீட்டில் நான்தான். நியூரோபிளாஸ்டோமா. பார்க்க வந்த சொந்தக்காரர்களிடம் அம்மா வயிற்றில் கட்டி என்று சொல்லி முடிப்பதற்குள் நான் குறுக்கே புகுந்து முழுப்பெயரையும் சொல்வேன். அவர்கள் தம்பியை விட்டுவிட்டு என்னை ஆச்சரியமாகப் பார்ப்பார்கள். எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடம் போன முதல் ஆள் நான். அந்தப் பார்வை எனக்கு வேண்டியிருந்தது.

மூன்று வயதில் தொடங்கிய வைத்தியம். கடலூர் வழியாகப் பாண்டிச்சேரிக்கு பஸ்ஸில் போய்ப் போய், மருந்து ஏற்றி, கட்டியை அறுத்தெடுத்து, மறுபடி மருந்து ஏற்றி, கடைசியில் கரண்ட் என்று எல்லாரும் சொல்லும் கதிர்வீச்சு வைத்து, ஒருவழியாக அவனைப் பிழைக்க வைத்தார்கள். உதிர்ந்த முடி சுருள் சுருளாக முளைத்தது. ஆனாலும் சிதம்பரத்தில் எங்கள் தெருவில் யாரும் தங்கள் பிள்ளைகளை அவனோடு விளையாட விடவில்லை. ஒட்டிக்கொள்ளும் என்று பயம்.

அவன் ஒன்றாம் வகுப்பு சேர்ந்த வருஷம், விளையாட்டு விழாவில் ஓட அவன் பெயரைக் கொடுத்தது அம்மாதான். ஜெயிக்க வேண்டும் என்றில்லை. மற்றப் பிள்ளைகளைப் போல அவனும் ஓடுவதைத் தெரு பார்க்க வேண்டும். பக்கத்து வீட்டுப் பெண்களை வலிய அழைத்து வந்திருந்தாள். நான் எட்டாவது, வகுப்பில் முதல் மாணவி என்பதால் மைக்கில் பெயர் வாசிக்கும் வேலை எனக்கு.

பி.டி. சார் விசில் ஊதினார். பிள்ளைகள் பாய்ந்தார்கள். தம்பி மட்டும் ஒரு காலை முன்னே வைத்து, முட்டியை மடக்கி, கோட்டிலேயே நின்றான். மைதானம் சிரித்தது. மைக்கை விட்டு வந்து கத்திக் கூப்பிட்டேன். திரும்பவில்லை. ஓடிப்போய் அவன் முகத்துக்கு நேரே நின்று தோளை உலுக்கினேன்.

"எல்லாரும் பாக்குறாங்கடா. ஓடேன்."

"இன்னும் ஊதலியேக்கா. ஊதறதுக்கு முந்தி ஓடுனா அவுட்டுன்னு நீதான சொன்ன? அவுங்க எல்லாம் அவுட்டு."

இவ்வளவு துணிச்சலாகப் பொய் சொல்கிறானே என்று எனக்கு முகம் எரிந்தது. பக்கத்து வீட்டுக்காரி அம்மாவிடம், நோவு மூளைக்கு ஏறிவிட்டது போலிருக்கிறது என்று பரிவாகவே சொன்னாளாம். நான் பரிசு வாங்குவதைக்கூடப் பார்க்காமல் அம்மா அவனைக் கூட்டிக்கொண்டு போய்விட்டாள்.

அடுத்த வருஷம் பரிசோதனையில்தான் விஷயம் தெரிந்தது. ஏற்றிய மருந்துகளில் ஒன்று, அவன் உயிரைக் காப்பாற்றிவிட்டு, காதிலிருந்து கீச்சென்ற சத்தங்களை எடுத்துக்கொண்டு போயிருந்தது. விசில், சைக்கிள் பெல், தள்ளி நின்று கூப்பிடும் பெண் குரல். தடித்த குரல்கள் அவனுக்கு மிச்சம் இருந்தன. ஒரு வருஷம் முன்பே அது தெரிந்திருக்க வேண்டியது. தெரியாமல் போனதற்கு விளையாட்டு விழா அன்று சாயங்காலம் எங்கள் வீட்டில் நடந்ததுதான் காரணம்.

மார்க்கெட்டில் மூட்டை இறக்கிவிட்டு அப்பா வந்ததும், மறுநாள் காலையிலேயே பாண்டிச்சேரிக்குப் போய்விடலாம் என்று அம்மா அழுதாள். போக வேண்டாம், நான் சோதித்துக் காட்டுகிறேன் என்றேன். அறிவியல் பாடத்தில் படித்திருந்தேன்: ஒன்றை மட்டும் மாற்றி, மற்றதை அப்படியே வைக்க வேண்டும். தம்பி முதுகைக் காட்டி உட்கார்ந்து சோடா மூடிகளை அடுக்கிக்கொண்டிருந்தான். வாசற்படியில் நின்று கூப்பிட்டேன். அசையவில்லை. அதே இடத்தில் அப்பாவை நிறுத்திக் கூப்பிடச் சொன்னேன். அப்பாவின் கனத்த குரலுக்கு உடனே திரும்பினான்.

"பாத்தியாம்மா? காதுல ஒண்ணும் இல்ல, மூளையிலயும் ஒண்ணும் இல்ல. அப்பான்னா பயம், நம்மன்னா எளக்காரம்."

"படிச்ச புள்ள சொன்னா சரியாத்தான் இருக்கும்," என்றார் அப்பா.

அம்மா முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். "திமிரு புடிச்ச பய," என்றாள். நோயாளிப் பிள்ளையை யாரும் அப்படித் திட்டுவதில்லை. அதைச் சொல்லும்போது அவள் முகத்தில் அப்படி ஒரு சந்தோஷம். பயணம் நின்றது. எல்லாரும் சிரித்தோம். தம்பி ஒவ்வொருவர் வாயாகப் பார்த்துவிட்டு, அவனும் சிரித்தான். இவன் ஏன் எப்போதும் எங்கள் வாயையே பார்க்கிறான் என்று எனக்குக் கேட்கத் தோன்றவில்லை.