சின்ன தாத்தா கொடுத்த மருந்து

எட்டு வயதில் எனக்குக் காய்ச்சல் வந்த வாரம்தான், சின்ன தாத்தா ஒரு குழந்தைக்கு விஷம் கொடுத்ததைக் கேபிள் டி.வி.யில் பார்த்தேன்.

அவர் அம்மாவின் சித்தப்பா. கறுப்பு வெள்ளைப் படக் காலத்தில் சென்னையில் நடிகராக இருந்தவர். வக்கீல் குமாஸ்தா, சாமியார், பெண்ணைப் பெற்றவர், ஊமை என்று எது கொடுத்தாலும் செய்வார். எதிலும் இரண்டு சீனுக்கு மேல் இருக்காது. விருத்தாசலம் பஸ் ஸ்டாண்டில் வயதானவர்கள் அவரை நிறுத்தி, "உங்கள எங்கியோ பாத்த மாதிரி இருக்குதுங்களே" என்பார்கள். பெயர் ஒருவருக்கும் தெரியாது. மனைவி இறந்த பிறகு எங்கள் வீட்டு முன்னறைக்கு வந்து சேர்ந்திருந்தார்.

அந்தப் படத்தைப் பார்க்கத் தெருப் பெண்கள் எல்லாரும் எங்கள் வீட்டில் கூடினார்கள். திரையில் தாத்தா பாலில் எதையோ கலக்கினார். இனிக்க இனிக்கச் சிரித்து, "குடி கண்ணு" என்றார். பாப்பா குடித்தது. பெண்கள் கைதட்டினார்கள். தாத்தா கூச்சத்தோடு கும்பிட்டார். நான் மட்டும் அவருடைய நீளமான விரல்களையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

மூன்றாம் நாளும் காய்ச்சல் இறங்கவில்லை. அப்பா லாரியோடு வடக்கே போயிருந்தார். அம்மா வேலை பார்த்த பீங்கான் கம்பெனியில் கார்த்திகைக்கான விளக்குகள் சூளைக்குப் போகிற நாள், லீவு கிடையாது.

"பன்னெண்டு மணிக்கு சிரப்பு ஒரு மூடி குடுத்துடுங்க சித்தப்பா. போயிட்டு வரேன்."

"போவாதம்மா" என்று முந்தானையைப் பிடித்தேன்.

"தாத்தாதான் இருக்காங்க இல்ல, அப்புறம் என்னாடி பயம்?"

அதுதான் பயம் என்று எனக்குச் சொல்லத் தெரியவில்லை. கடிகாரத்தையே பார்த்துக்கொண்டு படுத்திருந்தேன்.

பன்னிரண்டு மணிக்கு அவர் வந்தார். மூடியில் சிரப்பை ஊற்றினார். சிரித்தார். "குடி கண்ணு."

கையைத் தட்டிவிட்டு ஓடினேன். பின்பக்கம் ஒரு மண்குழாய் கம்பெனியின் காலி மனை. அடுக்கி வைத்திருந்த குழாய்களுக்கு நடுவே புகுந்து உட்கார்ந்துகொண்டேன். வெயிலில் குழாய்கள் கொதித்தன; எனக்கோ பல் கிட்டியது. தாத்தா என் பெயரைச் சொல்லிக் கூப்பிடுவது ஒரு பக்கம் கேட்டது, பிறகு இன்னொரு பக்கம். முழங்கால் வலிக்காரர், அந்த மனையை எத்தனை சுற்று சுற்றினாரோ. கடைசியில் என் இருமல் காட்டிக்கொடுத்துவிட்டது.

அவர் கிட்டே வரவில்லை. தள்ளியே மண்ணில் உட்கார்ந்து மூச்சு வாங்கினார்.

"ஏன் கண்ணு ஓடுன?"

"நீங்க அந்தப் பாப்பாவக் கொன்னுட்டீங்க."

ஒரு கணம் அவர் முகத்தில் சந்தோஷம் மாதிரி ஏதோ வந்து போனது. உடனே பதறினார். "அது நடிப்பும்மா. அந்தப் பாப்பா எங்கியோ நல்லா இருக்குது. அதுக்கே பேரப்புள்ள பொறந்திருக்கும்."

அன்றைய சிரிப்பு பொய்யென்றால் இன்றைய பேச்சை மட்டும் எப்படி நம்புவது? நான் அசையவில்லை.

அவர் துண்டால் முகத்தைத் துடைத்தார். எடுத்தபோது அங்கே ஒரு போலீஸ்காரர் இருந்தார். நான் தலையாட்டி மறுத்தேன். மறுபடி துடைத்தார், தூங்கி வழியும் சாமியார். வேண்டாம் என்றேன். மூன்றாவது முறை, இல்லாத மூக்குக்கண்ணாடியை மேலே தள்ளிக்கொண்டு ஒருவர் குனிந்து பார்த்தார்.

"என்னம்மா, மூணு நாளா ஜுரமாமே? எங்க, நாக்க நீட்டு."

குரல் வேறு, கழுத்து வேறு. விரல்கள்கூடக் குட்டையாகிவிட்ட மாதிரி இருந்தது. நாக்கை நீட்டினேன்.

வீட்டுக்கு வந்ததும் டாக்டர் ஊற்றிக் கொடுத்த சிரப்பை ஒரே மடக்கில் குடித்தேன். பிறகு அவர் சட்டையைப் பிடித்து இழுத்து, காதோடு சொன்னேன்: "டாக்டர், எங்க தாத்தா வந்தா உள்ள வுடாதீங்க."

அவர் இல்லாத மூக்குக்கண்ணாடியை மறுபடி மேலே தள்ளிக்கொண்டார். "சரிம்மா, விடமாட்டேன்" என்றார், டாக்டர் குரலிலேயே.

அதன் பிறகு நாற்காலியில் முதுகைச் சாய்க்காமல், காலை நீட்டாமல் உட்கார்ந்திருந்தார். நான் கண் விழித்தபோதெல்லாம் டாக்டர்தான் இருந்தார். சாயங்காலம் அம்மா வந்து, "சித்தப்பா" என்று கூப்பிட்டாள். அவர் திரும்பவில்லை, நான் தூங்கிவிட்டேனா என்று பார்த்தார். கண்ணை மூடிக்கொண்டு இமை இடுக்கில் கவனித்தேன். அப்போதுதான் முழங்காலைப் பிடித்துக்கொண்டு மெல்ல எழுந்தார். முகமெல்லாம் வலி.

அன்று அவருக்கு வலித்தது முழங்கால் மட்டும்தான் என்று வெகுகாலம் நினைத்துக்கொண்டிருந்தேன்.