சீர்த்தட்டில் பூட்ஸ்

ஆமாம், என் சடங்கில் தாய்மாமன் சீராகக் கால்பந்து பூட்ஸ் வைத்தார்கள். எங்கள் ஊரான தேவாரத்தில் இன்றும் யாராவது சிரித்துக்கொண்டே இதைக் கேட்டால் நான் தலை குனிவதில்லை. அழைப்பிதழும் வீடியோவும் என்னிடம் இருக்கின்றன. தை மாத ஞாயிறு, முகூர்த்தம் ஒன்பதிலிருந்து பத்தரை. பூட்ஸ் வெளியே வந்தது பத்து மணி பன்னிரண்டு நிமிடத்தில்.

நான் அப்போது ஏழாம் வகுப்பு. பள்ளி அணியில் இடது ஓரம் என்னுடையது. நான் பெரியவளான அன்றே பெரியப்பா, "பந்து ஒதைக்கிறதெல்லாம் இத்தோட சரி" என்று சொல்லிவிட்டார். எங்கள் வீட்டில் அவருக்கு மறுபேச்சு கிடையாது. எனக்கு அழுகை வரவில்லை, கோபம்தான் வந்தது. அன்றிலிருந்து சடங்கு நாள்வரை யாரோடும் முகம் கொடுத்துப் பேசவில்லை.

அம்மாவின் தம்பியான என் மாமா, கொச்சியில் ஒரு கிளப்புக்குச் சம்பளத்துக்குக் கால்பந்து ஆடியவர். ஊரில் அதை யாரும் ஒரு வேலையாகவே மதிக்கவில்லை. சிமெண்டு விளம்பரத்தில் வந்த பிறகும், மலையாளச் சேனல் சமையல் போட்டியில் அப்பத்தைக் கருக்கிய பிறகும்தான் அவருக்கு மரியாதை வந்தது. பெரியப்பா அழைப்பு வைத்த வீட்டிலெல்லாம், "டிவியில வாராகல்ல, அவுகதான் சீர் கொண்டாராக" என்று சொல்லி வைத்திருந்தார். பின்வரிசைக்கும் தெரியட்டும் என்று மண்டபத்தில் பெரிய எல்இடி திரையும் போட்டார்.

பட்டு, பழம், வெள்ளிக் கொலுசு என்று தட்டுகள் வரிசையாக வந்தன. கடைசித் தட்டைத் துணியால் மூடியிருந்தார்கள். அதை மாமாவே எடுத்துக்கொண்டு மேடையேறினார். கேமரா எங்கே என்று ஒரே பார்வையில் கண்டுகொண்டு, அதன் முன் தட்டைத் தூக்கிப் பிடித்துத் துணியை விலக்கினார். திரை முழுக்க ஒரு ஜோடி பூட்ஸ்.

"ஏத்தா, அடியில முள்ளுமுள்ளால்ல இருக்கு!" என்றது முன்வரிசையிலிருந்து ஒரு குரல்.

பெரியப்பா பல்லைக் கடித்தார். "மாப்ள, அத உள்ள வையி. பொம்பளப்பிள்ள சபையில வைக்கிற சாமானா இது?"

"தாய்மாமன் சீரு மச்சான். வேணாம்னா சொல்லுங்க, எல்லாத் தட்டையும் வேன்ல ஏத்திக்கிட்டுக் கெளம்பிர்றோம்."

ஒரு தட்டைத் திருப்பினாலும் அம்மா பிறந்த வீட்டையே திருப்பி அனுப்பியதாக ஆகும். அதுவும் திரையில் ஊரே பார்த்த பிறகு! பெரியப்பா துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு ஒதுங்கி வழிவிட்டார். அம்மாதான் விடாமல் திட்டினாள். "ஏலே, கிறுக்காடா புடிச்சிருக்கு ஒனக்கு? என் மானத்த வாங்கணும்னே வந்தியா?" மாமா சிரித்துக்கொண்டே பூட்ஸை என் மடியில் வைத்தார்.

மறுநாள் காலில் போட்டுப் பார்த்தேன். குதிகாலும் விரல்நுனியும் அளவெடுத்துத் தைத்தது போலப் பொருந்தின. சீராக வந்ததைப் போடாதே என்று சொல்ல வீட்டில் யாருக்கும் வாய் வரவில்லை. பந்தாடுகிறவர்கள் காலைக் கண்ணாலேயே அளந்துவிடுவார்கள் என்று அணியில் எல்லோரிடமும் பெருமையடித்தேன். ஆனால் மாமா அதற்கு முன் என்னைப் பார்த்து இரண்டு வருடம் ஆகியிருந்தது. ஒவ்வொரு ஜூன் மாதமும் கம்பத்துக்குக் கூட்டிப்போய் எனக்குப் பள்ளிக்கூட ஷூ வாங்கித் தந்தவள் அம்மா. அன்று அத்தனை பேர் முன்னால் தம்பியைத் திட்டித் தீர்த்தவளும் அவள்தான். இரண்டையும் சேர்த்துப் பார்க்க எனக்கு அன்று வயது போதவில்லை.